தெற்கே போன ஆலை

கார் ஆலை தெற்கே நகரத் தொடங்கிய வருடம் சூசைக்கு நாற்பத்தாறு வயது. மிச்சிகன் மாநிலத்தில் ஹார்லன்வில் என்ற சின்ன ஊர். அங்கே அந்த ஆலையில், கார்களுக்கு இருக்கை பொருத்தும் பிரிவில், பத்தொன்பது வருடமாக வேலை பார்த்துக்கொண்டிருந்தான்.

முதலில் ஒரு நாளைக்கு நாற்பது அடிதான் நகர்ந்தது. கூரை, புகைபோக்கி, சாப்பாட்டுக்கூடம் எல்லாம் சேர்ந்தே போயின. தெற்கே கூலி குறைவு, தொழிற்சங்கமும் கிடையாது என்பதால் ஆலைகள் அந்தப் பக்கம் போவது வழக்கம்தான். கடல் கடந்து வந்த போட்டிக் கம்பெனியின் சின்னக் கார் எந்த மாதம் கூடுதலாக விற்றதோ, அந்த மாதம் ஆலையின் வேகமும் கூடியது. வழியில் இருந்த விவசாயிகள் சோளக்காட்டு வேலியைத் திறந்துவிட்டு, ஆலை கடந்து போனதும் மூடிக்கொண்டார்கள்.

வேலைக்கு நடந்தே போய்க்கொண்டிருந்த சூசை, பிறகு காரில் போனான். இரண்டாம் வருடம் ஆலை மாநில எல்லையைத் தாண்டியது. அதற்குப் பிறகு வாரத்தில் ஒருநாள்தான் வீட்டுக்கு வர முடிந்தது. அப்போதுதான் கம்பெனியிலிருந்து கடிதம் வந்தது. தொடர விரும்புகிறவர்கள் ஆலைக்குள்ளேயே தங்கிக்கொள்ளலாம். குடும்பத்தையும் அழைத்து வரலாம். ஆனால் ஒரே இடத்தில் நின்று பழகிய எதையும் கொண்டுவரக் கூடாது.

மனைவி கிளாடிஸ் ஊர் ஆஸ்பத்திரியில் டயாலிசிஸ் பிரிவு நர்ஸ். அவளும் அவனைப் போலத் தூத்துக்குடிதான். பதினொரு நோயாளிகள் வாரத்துக்கு மூன்று நாள் அவளை நம்பி வந்தார்கள்.

"நீயும் வாயேன், கிளாடிஸ். அங்கயும் ஆஸ்பத்திரி இருக்குமுல்லா."

"எங்க? இன்னைக்கு ஒரு ஊரு, நாளைக்கு ஒரு ஊரு. இந்தப் பதினொரு பேரையும் தூக்கிக்கிட்டா வர முடியும்?"

"அப்ப நான் நின்னுரட்டுமா?"

அவள் கடிதத்தை மடித்து உறைக்குள் வைத்தாள். "அத நீங்கதான் சொல்லணும்."

இந்த வயதில் வேறு யார் வேலை தருவார்கள் என்ற பயம் அவனுக்கு. அவளை விட்டுவிட்டுப் போய் என்ன வாழப்போகிறோம் என்றும் தோன்றியது. இரண்டையும் அவளிடம் சொல்லவில்லை. திங்கட்கிழமை காலை பெட்டியோடு பஸ் ஏறினான்.

ஆலைக்குள் வாழ்க்கை மோசமில்லை. கட்டிலில் படுத்தால் தரைக்கடியில் மண் நழுவுவது தெரியும், அவ்வளவுதான். ஞாயிற்றுக்கிழமைகளில் கிளாடிஸுக்குப் போன் செய்வான். அவன் அங்கே தங்கிய முதல் வருடம் அவள் பேச்சின் நடுவே அடிக்கடி அமைதியானாள். இரண்டாம் வருடம் அப்படி ஆகவில்லை. குரலில் பழைய தெளிவு வந்திருந்தது. சூசை அதைக் கவனித்தான், காரணம் கேட்கவில்லை.

ஒஹாயோ ஆற்றங்கரைக்கு வந்ததும் ஆலை ஆறு நாள் நின்றது. ஏழாம் நாள் காலை, சங்கத்துக்காரன் வால்டர் ஒரு தாளோடு இருக்கைப் பிரிவுக்கு வந்தான். சூசையோடு பத்து வருடம் பக்கத்தில் நின்று வேலை செய்தவன்.

"இந்தப் பாரத்தோடு ஆற்றைக் கடக்க முடியாதாம். போட்டிக் கம்பெனிக்காரன் நம்மைவிடப் பாதி ஆளை வைத்து அதே காரைச் செய்கிறான். அதனால் நம் பிரிவை இறக்கிவிட்டுப் போகிறார்கள்."

"இருக்கை?"

"இனி நின்றுகொண்டே ஓட்டுவார்களாம். விலை கூடிய மாடலில் மட்டும் ஒரு முக்காலி."

இருநூறு பேரும் கரையில் இறங்கி நின்றார்கள். ஆலை மெதுவாக ஆற்றில் இறங்கி, மார்பளவு நீரில் நடந்து, அக்கரையில் ஏறியது. சாப்பாட்டுக்கூடத்து ஜன்னலிலிருந்து யாரோ கையசைத்தார்கள். வால்டர் தொப்பியைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டான். அடுத்த காருக்காகச் சூசையின் விரல்கள் கொஞ்ச நேரம் காற்றில் போல்ட்டுகளை முடுக்கிக்கொண்டிருந்தன.

மறுநாள் காலை பத்து மணிக்கு ஹார்லன்வில்லில் பஸ்ஸை விட்டு இறங்கினான். பழைய ஆலை விட்டுப்போன மனையில் போட்டிக் கம்பெனியின் ஆலை நின்றுகொண்டிருந்தது. வெள்ளையாக, தாழ்வாக, அசையாமல் இருந்தது. நாளைக்கு வந்து வேலை கேட்டுப் பார்க்கலாம் என்று நினைத்துக்கொண்டு வீட்டுக்கு நடந்தான்.

கதவைத் திறந்த கிளாடிஸ் அவன் கையைப் பிடித்துக்கொண்டாள். கண் கலங்கியிருந்தது. ஆனால் தாழ்ந்த குரலில்தான் பேசினாள்.

"மெதுவா வாங்க. நைட் ஷிப்ட் முடிஞ்சு இப்பந்தான் வந்து படுத்தீய."

சூசை படுக்கையறையை எட்டிப் பார்த்தான். கட்டிலில் அவனேதான் சுவர்ப்பக்கம் திரும்பி, இடது கையைத் தலைக்கு வைத்துத் தூங்கிக்கொண்டிருந்தான். கொஞ்சம் சதை போட்டிருந்தது. போட்டிக் கம்பெனியின் சட்டை நாற்காலியில் தொங்கியது.

"எவ்வளவு நாளா?" என்று சூசை கேட்டான்.

"ஒரு வருஷமாச்சு. இந்த ஆலை வந்த அன்னைக்கே உங்கள எடுத்துக்கிட்டாங்க."

"வேலை கஷ்டமா?"

"வாய் திறந்து சொல்ல மாட்டீய. முதுகு மட்டும் வலிக்கும்."

சூசை ஷூவைக் கழற்றிவிட்டு அடுப்படி நாற்காலியில் உட்கார்ந்தான். கிளாடிஸ் தைலப் புட்டியை எடுத்துக்கொண்டு அறைக்குள் போய், தூங்குகிறவனின் முதுகில் தேய்த்துவிட்டாள். அடுப்படியில் இருந்த சூசைக்கு முதுகு மெல்ல லேசானது.