இரண்டாம் சரணத்துக்கு முந்தைய மூச்சு

1.

உண்மையைச் சொல்லிவிடுகிறேன்: இந்தக் கதை எனக்குத் தோன்றியதல்ல, தம்பியின் அறையிலிருந்து சுட்டது. அவன் டிஜே. பழைய பாட்டை எடுத்து, முன்னால் வெறும் தாளம் ஒட்டி, பல்லவியைச் சுழலவிட்டு, ஆட்டத்துக்கு ஏற்றபடி வெட்டித் தைப்பான். தையற்காரன் தோற்றுப்போவான்.

முதலில் இப்படி எழுதினேன்: 'இசை என்பது காலத்தின்...' வேண்டாம். எனக்கே கொட்டாவி வந்தது.

இப்படித் தொடங்கலாம். எங்கள் சித்தி சின்ன வயதில் ஒரே ஒரு பாட்டில் பாடினாள். முழுப் பாட்டுகூட இல்லை, இரண்டாம் சரணம் மட்டும். பாட்டு சக்கைப்போடு போட்டது. ஆனால் அவள் குரலுக்கு எந்த விருந்திலும் யாரும் ஆடியதில்லை. அந்த இடத்தில் ஆட்டம் தொய்ந்துவிடும் என்று டிஜேக்கள் முதலில் வெட்டுவதே இரண்டாம் சரணத்தைத்தான். இப்போது அவள் மகளுக்குக் கல்யாணம். விருந்தில் பாட்டுப் போடப்போவது தம்பி.

"ஒரே ஒரு தடவை என் குரலுக்கு நாலு பேர் ஆடிப் பாக்கணும்டா" என்று கேட்டுவிட்டாள்.

2.

[இங்கே சித்தியின் இளமைக்காலம் இரண்டு பக்கம் இருந்தது. தம்பி படித்துவிட்டு, "அக்கா, இந்த எடத்துல எல்லாரும் தண்ணி குடிக்க எழுந்து போயிடுவாங்க" என்றான். வெட்டிவிட்டேன். நன்றாகவே எழுதியிருந்தேன் என்பதை மட்டும் மனதில் வையுங்கள்.]

3.

தம்பியைக் கல்நெஞ்சக்காரனாக்கினால் கதை சுலபமாக ஓடும். ஆனால் பாவி, பாசத்தில்தான் சொதப்பினான். சரணத்தை முழுதாக வைத்தான். சித்தியின் குரலைத் தனியாகப் பிரித்து, இரைச்சலையெல்லாம் துடைத்து, கழுவிக் கவிழ்த்த பாத்திரம் போலாக்கினான். அவளைக் கூப்பிட்டு உட்காரவைத்து ஹெட்போனை மாட்டினான்.

கேட்கக் கேட்கச் சித்தியின் முகம் சுருங்கியது.

"என் மூச்சு எங்கடா?"

"எது சித்தி?"

"சரணத்துக்கு முன்னாடி இழுப்பேனே! அத்தனை வரியும் ஒரே மூச்சுல பாடுவேன்னுதான் என்னையே கூப்பிட்டாங்க. மூச்சே இழுக்காம பாடறது நானா, மிஷினா?"

"இரைச்சல்னு நெனச்சு எடுத்துட்டேன்..."

"நல்லா எடுத்தே போ."

(இங்கே அவள் அழுததாக ஒரு வரைவு உண்டு. பொய். அவள் சிரித்தாள். அழுதது நான்.)

தம்பி மூச்சைத் தேடித் திரும்ப வைத்தான். அது எல்லோர் காதிலும் விழவேண்டும் என்று, அந்த இடத்தில் தாளத்தையே நிறுத்தினான். ஆட்டத்தின் நடுவே தாளம் நின்றால் ஒன்று கூட்டம் குதிக்கத் தயாராகும், இல்லை நாற்காலி தேடும். எது என்று அவனுக்கும் தெரியாது.

4.

முடிவுகள் இரண்டு இருக்கின்றன. ஒன்றில் கூடமே அதிர்கிறது. மற்றதில் நாற்காலிகள் நிரம்ப, சித்தி நடுவில் தனியாக ஆடுகிறாள். இரண்டையும் என்னால் பிரமாதமாக எழுத முடியும், அதில் உங்களுக்குச் சந்தேகமே வேண்டாம்.

ஆனால் தம்பியின் தொழிலில் ஒரு வழக்கம் உண்டு. பாட்டின் கடைசியில் குரலை எடுத்துவிட்டு வெறும் தாளத்தை ஓடவிடுவார்கள், அடுத்த பாட்டு அதன்மேல் ஏறிக்கொள்ள. நானும் அப்படியே விடுகிறேன்.

விருந்து. மணப்பெண் செருப்பைக் கழற்றி வீசிவிட்டு ஆடுகிறாள். சித்தி கேக் மேசை அருகில், கையில் தட்டோடு. பல்லவி முடிகிறது. தம்பி என்னைப் பார்க்கிறான். தாளம் நிற்கிறது. பெரிய ஸ்பீக்கர்களில் அந்தச் சின்ன வயதுச் சித்தி மூச்சை இழுக்கிறாள். மேசை அருகே நிற்கும் சித்தியும் தட்டை வைத்துவிட்டு இழுக்கிறாள்.

நீங்களும் அந்தக் கூடத்தில்தான் இருக்கிறீர்கள். நாற்காலி பின்னாலேயே இருக்கிறது. உட்காரப்போகிறீர்களா, இல்லை