கீறேன்

திருவிழா மேடையில் பேன்ட், ஒட்டு மீசை, கூலிங்கிளாஸோடு கதாநாயகனாக ரெக்கார்டு டான்ஸ் ஆடுகிறவள் சென்னீர்குப்பம் தாட்சாயிணி. அவள் வீட்டில் முதன்முதலாக பி.ஏ. முடித்தவளும் அவள்தான். "பட்ச்சிட்டு ஆம்பள வேசமாடி?" என்று கேட்காத வாய் தெருவில் கிடையாது. படம் எடுக்கக் கிளம்பியிருந்த உத்தமன் மட்டும் கேட்கவில்லை. கடன் வாங்கிய பதினாறு எம்.எம். கேமராவோடு வந்து, "உன்னையே நீ நடிக்கணும்" என்றான்.

படத்தில் அவளுக்கு ஒரே வசனம். கடைசியில், கண்ணாடி முன்னால் மீசையைப் பிய்க்கிறாள். "நீ ஆணா, பெண்ணா, யாரு நீ?" என்று அவன் குரல் கேட்கிறது. "நான் கீறேன். அவ்ளோதான்" என்கிறாள். யாரும் எழுதிக் கொடுத்ததல்ல, வாயில் வந்தது. எந்த ஊருக்குப் போனாலும் அது அப்படியே போகும் என்று உத்தமன் சொல்லியிருந்தான். அதை நம்பித்தான் அந்த வரியைப் படத்தில் வைக்க அவள் ஒப்புக்கொண்டாள்.

தொண்ணூற்றிரண்டில் ஒரு ஞாயிறு காலை, ஆவடி தொழிற்சாலை குவார்ட்டர்ஸ் மன்றத்தில் படத்தைப் போட்டார்கள். டெல்லி விழாவுக்குப் போய்வந்த பிரதி. கீழே இங்கிலீஷ் எழுத்து ஓடியது. பக்கத்தில், அவளோடு ஜோடியாக ஆடும் லோகநாயகி.

"நான் கீறேன்" என்றது திரை. 'நான் பிராண்டுகிறேன்' என்றது இங்கிலீஷ்.

"கீய இன்னாடி எழுதிக்கீறான்?" என்று கேட்டாள் லோகநாயகி.

"நான் சொன்னதுதான்."

"பார்ரா! டெல்லிக்காரனுக்கே புரிஞ்சிகீது!"

படம் முடிந்ததும் உத்தமனிடம் போனாள். "தப்பா போட்டுகீது. கீறேன்னா இருக்கேன்."

"தெரியும். டெல்லியிலயே வளர்ந்த தமிழ்ப் பொண்ணு எழுதினது. பிரிண்ட்ல ஏறிடுச்சு. ஆனா அந்த வரியத்தான் எல்லாரும் பிடிச்சுக்கிட்டாங்க, தாட்சா. காயம், கீறல்... ஜெர்மனிக்குக் கூப்பிடறதே அதனாலதான்."

"அப்ப நான் சொன்னது?"

"நீ சொன்னதுக்கும் மேல போயிடுச்சு."

கோபம் வரும் என்று நின்றாள். வரவில்லை. அவன் அவளை மேடையில் ஏற்றி மைக்கைக் கையில் கொடுத்தான். முன்வரிசையில் திருநெல்வேலிக்காரர், ஃபோர்மேன் சண்முகசுந்தரம் எழுந்தார்.

"ஏம்மா, கீறேன் கீறேங்கியே, எதத்தாம்மா கீறுத?"

கூட்டம் சிரித்தது. உத்தமன் ஏதாவது ஆழமாகச் சொல் என்பதுபோல் பார்த்தான்.

"எதையும் இல்லை சார். இருக்கிறேன் என்று சொல்லியிருக்க வேண்டும்" என்றாள், பரீட்சைத் தாளில் எழுதுகிற தமிழில். "என் தப்பு."

"அப்படித் தெளிவாச் சொல்லு தாயி!"

"இன்னாடி தப்பு? கரீட்டாதான சொன்னே!" கீழேயிருந்து லோகநாயகி கத்தியது கைதட்டலில் அமுங்கிப்போனது. எல்லாரும் தட்டுகிறார்களே என்று தாட்சாயிணியும் மைக்கை அக்குளில் இடுக்கிக்கொண்டு தட்டினாள். தட்டுகிற கை தன்னுடையது என்றே தெரியவில்லை.