டாக்டரின் சாட்சியம்

திங்கட்கிழமை காலை ஜக்கம்மா கேட்டைத் திறந்துகொண்டு வந்தபோது, நன்றி சொல்லத்தான் அனுமந்தன்பட்டியிலிருந்து பஸ் ஏறி வந்திருக்கிறாள் என்று நினைத்தார் ஞானசிகாமணி. நினைக்காமல் என்ன செய்வார்? முந்தின நாள் டிவியில் அவர் முகம் வந்ததிலிருந்து தேனியே போன் பண்ணிக்கொண்டிருந்தது. அரசு வக்கீலாகத் தொண்டை வறளக் கத்திய காலத்தில் திரும்பிப் பார்க்காத ஊர், பதவி முடிந்து, குற்ற வழக்குகளைப் பற்றிய நிகழ்ச்சியில் நாலு தடவை வந்ததும் கும்பிடு போட்டது. எந்த இடத்தில் பேச்சை நிறுத்தினால் கேமராக்காரர் தலையாட்டுவார் என்பதுகூட மனிதருக்கு அத்துபடியாகியிருந்தது.

இந்த முறை அவர் பேசியது ஜக்கம்மாவின் மகள் முத்துப்பேச்சியின் வழக்கு. தொண்ணூற்றொன்பதில் திராட்சைத் தோட்டத்தில் அவளை வெட்டிக் கொன்றவனுக்கு ஆயுள் தண்டனை வாங்கிக் கொடுத்தவர் அவர்தான்.

ஜக்கம்மா உட்காரவில்லை.

“மூணு மணி நேரம் உசுரு இருந்துச்சுன்னு டிவியில சொன்னீகளேய்யா.”

அவருக்குச் சுருக்கென்றது. சாட்சி என்பதால் விசாரணையின்போது அவளை வெளியே உட்கார வைத்திருந்தார்கள். டாக்டர் சொன்னதை அவள் கேட்கவில்லை. தீர்ப்பு நாளில், பிள்ளை கஷ்டப்பட்டுச்சா என்று கேட்டவளிடம், “ஒரே வெட்டு தாயி, உடனே போயிருச்சு” என்றார். எல்லாத் தாய்மாரிடமும் அவர் சொல்கிற வார்த்தைதான். கேமராவுக்கு முன் அது மறந்தே போயிற்று. பாவி மனுஷி, ஒன்பது வருஷமாக அந்த ஒரு வார்த்தையை நம்பித்தான் சோறு தின்றிருக்கிறாள்.

“தோட்டம் எங்க வீட்டுலருந்து கூப்பிடு தூரம்யா. அன்னைக்கி பக்கத்து வீட்டுல காதுகுத்து, ரேடியோ செட்டு அலறுது. நான் அங்கன பந்தியில பரிமாறிக்கிட்டு இருந்தேன். பிள்ள என்னையக் கூப்பிட்டிருப்பாளா?”

“இல்ல தாயி. தொண்டையில காயம். சத்தமே வந்திருக்காது.”

இது நிஜம். டாக்டரே கூண்டில் ஏறிச் சொன்னது.

ஜக்கம்மா அவர் முகத்தையே பார்த்தாள்.

“அன்னைக்கும் இப்படித்தான்யா சொன்னீக.”

அவர் உள்ளே போய்ப் பழைய வழக்குக் கட்டைப் பிரித்து, டாக்டரின் சாட்சியத்தைத் தேடி எடுத்துவந்தார். அந்த வரியின் கீழே கோடு போட்டுக் காட்டினார். சத்தியம்கூடப் பண்ணினார். இங்கிலீஷில் இருந்த அந்தத் தாளை அவள் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

“இத நான் கொண்டுபோகட்டுமாய்யா?”

தலையாட்டினார். வேறென்ன செய்ய முடியும்?

அவள் நேரே எதிரேயிருந்த பஸ் ஸ்டாப்புக்குப் போனாள். அங்கே கண்ணாடி போட்ட பெண்ணொருத்தி பஸ்ஸுக்காக நின்றிருந்தாள். தாளை வாங்கிக் கோடு போட்ட இடத்தை அந்தப் பெண் வாசிக்கத் தொடங்கியதும், ஜக்கம்மா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு அவளுடைய உதடுகளையே பார்த்து நின்றாள்.