கல்லுக்கு வைத்த சந்தனம்

நீலாவதிக்கு இடது தோள்பட்டை கழன்று விழுவது போல வலித்தது. மோட்டார் பழுதாகி ஒரு வாரம் ஆயிற்று. அடிவாரத் தொட்டியிலிருந்து அவள்தான் மேட்டுக்குத் தண்ணீர் சுமக்கிறாள். தீவில் லம்பா லைன் குடியிருப்பைத் தாண்டிய அந்த மேட்டில் ஒரு குடை ஆன்டெனாவும் இரண்டு அறைகளும் இருந்தன. வானத்தில் சுற்றும் ஆய்வுக்கூடத்தோடு பேசுகிற நிலையம் அது. கூட்டிப் பெருக்குவது அவள். ரேடியோ பார்ப்பது சிராஜ். நிலையத்தின் தலைவரை எல்லோரும் சாஹிப் என்பார்கள்.

மேலே அந்தக் கூடத்தில் தனியாக இருப்பவன், டெய்ரி ஃபார்ம் என்ற பேட்டையைச் சேர்ந்த செந்தமிழன். புவியீர்ப்பையும் மந்திர சக்தியையும் சேர்த்து ஆராய்கிறார்கள். ஒரே பாறையில் அறுத்த இரண்டு கருங்கற்கள். மேலே இருக்கும் கல்லுக்குப் பக்கத்தில் நாள் முழுக்க மந்திரம் ஒலிக்கும். கீழே உள்ளது கண்ணாடிப் பெட்டிக்குள் தராசின் மேல் சும்மா கிடக்கும். மேலே எடை கிடையாது என்பதால் அந்தக் கல்லை வில்லில் கட்டி ஆட்டிக் கனம் பார்ப்பார்கள். இரண்டுக்கும் உள்ள வித்தியாசத்தை மட்டும் மெஷின் சொல்லும்.

"அக்கா, சாஹிப் சிரிச்சு இப்பதான் பாக்குறேன்" என்றான் சிராஜ். "மந்திரம் கல்லோட கனத்தத் தின்னுருச்சாம். கீழ உள்ளதவிட மேல உள்ளது லேசாம். மேன்லேண்டுக்கு ரிப்போர்ட் போயாச்சு, காசும் வந்தாச்சு. செந்தமிழன இன்னும் நாலு மாசம் இருக்கச் சொல்லிட்டாங்க. கூட்டிட்டு வரப் போன விண்கலம் நேத்து சாமான மட்டும் இறக்கிட்டுக் காலியா வந்துருச்சு."

நீலாவதி வாளியை இறக்கி வைத்தாள்.

"எப்பலேர்ந்து லேசாச்சாம்?"

"ஆயுத பூஜைக்கு அடுத்து."

"சிராஜு, கீழ உள்ள கல்லுக்கு நான் சந்தனம் வச்சேன்டா."

சிராஜ் எழுந்து போய்ப் பெட்டிக்குப் பின்னால் குனிந்தான். கல்லின் முதுகில் சந்தனம் தடிப்பாகக் காய்ந்திருந்தது. நடுவில் குங்குமம். மேலே உள்ளது லேசாகவில்லை, இதுதான் கனத்திருந்தது.

"அரே, ஜெனரேட்டருக்கு வச்ச, தொடப்பத்துக்கு வச்ச. இதுக்கு ஏன்க்கா?"

"செருப்பக் கழட்டிட்டுத்தான உள்ள போறீங்க? அது ஒண்ண மட்டும் விட்டா நல்லாவா இருக்கும்? சாஹிப் ஏசுவாருன்னு பின்னாடி வச்சேன்."

"மறுநாள் எல்லாத்தையும் தொடச்சியே."

"மெஷின்ல உள்ளதத் தொடைக்கலாம். கல்லுல வச்சதத் தொடைப்பாங்களா?"

ரேடியோ கரகரத்தது. கூடம் தீவுக்கு மேலே வரும் சில நிமிடங்கள்தான் பேச்சு.

"சிராஜ் பாய், நான் வரலன்னு சங்கவிக்குச் சொல்லியாச்சா?" என்று கேட்டான் செந்தமிழன்.

சங்கவி செந்தமிழனின் மனைவி. எட்டு மாதக் கர்ப்பிணி.

"வாயத் தொறக்காதக்கா, நம்ம ரெண்டு பேருக்கும் வேலை காலி" என்று சிராஜ் முணுமுணுத்தான். நீலாவதி அவன் கையிலிருந்து மைக்கை வாங்கிக்கொண்டாள். சந்தனத்தைச் சொன்னாள். மேலேயிருந்து மூச்சில்லாத ஒரு சிரிப்பு.

"நீதானாக்கா அது? நெசமாவே சக்தி வந்துருச்சுன்னு நெனச்சேன். என் முதுகு வலிய மட்டும் அது தின்னலியேன்னு பாத்தேன்."

"இப்பவே சாஹிப்கிட்ட சொல்றேன் தம்பி. கால்ல விழுந்தாவது உன்ன இறக்கச் சொல்றேன்."

"வேணாம். கலம் போயிருச்சு. அடுத்தது நாலு மாசம் கழிச்சு. இப்ப பொய்னு தெரிஞ்சா காசு நின்னுரும். அப்புறம் அந்தக் கலத்த யாரு அனுப்புவா? நான் இறங்குற வரைக்கும் அதத் தொடாத. யார்ட்டயும் பேசாத."

"சங்கவிக்கு அடுத்த மாசம்டா."

"தெரியும்க்கா. அவ பக்கத்துல..."

கரகரப்பு மட்டும் மிஞ்சியது. கூடம் தீவைத் தாண்டிவிட்டது.

சாஹிப் உள்ளே வந்தார். செருப்பைக் கழற்றிவிட்டுக் கண்ணாடிப் பெட்டிக்கு முன்னால் நின்று ஒரு கணம் கண்ணை மூடினார். பிறகு, தரை ஏன் இன்னும் துடைக்கவில்லை என்று கேட்டார். நீலாவதி வாளியைத் தூக்கினாள். தோள் சுரீரென்றது.

துடைக்கும்போது பெட்டியின் பக்கம் அவள் பார்க்கவில்லை. சாயங்காலம் டெய்ரி ஃபார்முக்குப் போய்ச் சங்கவிக்குத் துணி துவைத்துக் கொடுக்கலாம், பிரசவத்துக்கு ஆஸ்பத்திரியில் கூட இருக்கலாம். அதெல்லாம் செய்வாள். செய்தாலும் தீராது. அவளால் போகும் நான்கு மாதங்கள், அவள் செந்தமிழனுக்குத் தர வேண்டிய கடன்.