அறிவிப்பில் ஒரு வரி

ஈரக்கையைச் சேலையில் துடைத்துக்கொண்டு ஷைஜா முருகதாஸின் போனில் ஒரு வரியைத் தட்டினாள். சாவு அறிவிப்புச் சொல்ல ஒலிபெருக்கி கட்டிய அவன் ஆட்டோ வாசலில் நின்றது. அம்மை ஜெயபாய் இறந்து மூன்று மணி நேரம்தான் ஆகியிருந்தது.

“நீங்க பேசாண்டாமா அண்ணே?”

“எனக்க தொண்டைய ஆரு கேக்குதா? எழுதிக் குடுத்தா போனே பேசிரும். பொம்பளக் குரலு. கருங்கல் சந்தையில வச்சாலும் கணீர்னு கேக்கும். சாயா வேணும்னு கேக்காது.”

அவள் எழுதியதை முருகதாஸ் வாசித்தான். ‘பொம்மைப் படங்களில் அணிலுக்குக் குரல் கொடுத்த ஜெயபாய்.’

“நம்ம மாமியா? அணிலா?” சிரித்துவிட்டு, இழவு வீடு என்பது நினைவுக்கு வந்து வாயைப் பொத்தினான்.

கல்யாணத்துக்கு முன் அம்மை மெட்ராஸில் ஏழு வருடம் இருந்தாள். ஒவ்வொரு அசைவையும் கையால் வரைந்து பொம்மைப் படம் எடுக்கத் தொடங்கிய காலம். அணில், முயல், மூக்கொழுகும் பையன் எல்லாம் அம்மையின் குரல்தான். படத்தின் முடிவில் ‘குரல்: குழுவினர்’ என்று வரும். கல்யாணத்தோடு அது நின்றது. பிறகு ஒரே ஒருமுறை, பேத்தி நந்தனாவுக்குச் சிறுவயதில் காய்ச்சல் வந்தபோது, கதவைச் சாத்திவிட்டு அணிலாகப் பேசினாள். வெளியே வந்ததும், “ஆரும் கேக்கலியே?” என்றாள்.

போன மாதம் ஆஸ்பத்திரியில் மட்டும், “ஒரு தடவ பேரு வந்திருந்தா கொள்ளாம்” என்றாள்.

அம்மையின் அண்ணன் சுயம்புலிங்கம் போனை வாங்கிப் பார்த்தார்.

“இது என்னட்டீ?”

“அம்மைக்க ஜோலி மாமா.”

“டைப்பிஸ்ட்னு சொல்லித்தான் உங்க அப்பனுக்குக் கெட்டிக் குடுத்தேன். சினிமாக்காரின்னா அண்ணைக்கு ஆரு எடுப்பாவ?”

“அப்பாவும் அப்பா வீட்டாளுவளும் செத்துப் போயாச்சே மாமா.”

“நந்தனாவப் பொண்ணு பாத்துட்டுப் போனவிய மத்தியானம் வருதாவ. ‘அம்மாம்மை கூத்தாடியா’ன்னு கேட்டா நீ பதில் சொல்லுவியா, நான் சொல்லணுமா?”

கிணற்றடியில் மகள் நந்தனா குடத்தில் தண்ணீர் நிறைத்துக்கொண்டிருந்தாள். முகம் அழுது வீங்கியிருந்தது. ஷைஜா அவளையே பார்த்தாள். மாமா ஒற்றை விரலால் அந்த வரியை அழித்தார். நிதானமாக வேறொன்றை எழுதி முருகதாஸிடம் நீட்டினார்.

ஷைஜா உள்ளே போனபோது பக்கத்து வீட்டு ஞானம் அம்மையைக் குளிப்பாட்டி முடித்திருந்தாள். ஆட்டோ கிளம்பியது.

“சென்னையில் தட்டச்சராகப் பணியாற்றிய ஜெயபாய் அம்மாள் இன்று காலை இயற்கை எய்தினார்…”

எந்த இடத்திலும் மூச்சு வாங்காத குரல். தெருமுனை வரை கேட்டது.

“உங்க அம்மைக்கு டைப்பு தெரியுமா? இத்தன வருசத்துல ஒருநாளும் சொல்லலியே!” என்றாள் ஞானம்.

ஷைஜா கட்டுத்துணியைக் கிழித்துக் கொடுத்தாள்.

“தெரியும்.”

“அதான் வெரலு இந்த நீளம்.”

ஞானம் அம்மையின் விரல்களை ஒவ்வொன்றாக நீவி நேராக்கினாள். பிறகு இரண்டு கைப் பெருவிரல்களையும் சேர்த்துக் கட்டினாள்.