எதிர்மலைக்காரர்

கணவாய்க்கு மேலே இருந்த வானிலை நிலையத்தில் அவள் ஒருத்திதான். காலை ஏழு மணிக்குப் பனியின் ஆழத்தையும் காற்றின் வேகத்தையும் அளந்து வயர்லெஸ்ஸில் சொல்ல வேண்டும். எதிர்மலை நிலையத்துக்காரர் குறித்துக்கொண்டு தலைமை அலுவலகத்துக்கு அனுப்புவார். பதினோரு வருடமாக இந்த வேலை. இருவரும் நேரில் பார்த்துக்கொண்டதே இல்லை. இவள் “அண்ணே” என்பாள். அவர் “சொல்லும்மா” என்பார்.

அளவு சொல்ல ஒரு நிமிடம் போதும். பேச்சோ அரைமணி நேரம் ஓடும். இரண்டு மூன்று வருடமாக எண்களை மட்டும் மூன்று தடவை திருப்பிக் கேட்பார். அந்தப் பக்கம் காற்று ஜாஸ்தி போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டாள். கீழே ஊரில் இருந்த கணவன் வேறொருத்தியோடு போய்விட்டதைப் பற்றி அவள் வேறு யாரிடமும் வாய் திறக்கவில்லை. அவரிடம்தான் கொட்டித் தீர்த்தாள். “எல்லாம் சரியாயிடும்மா” என்றார்.

ஒரு நாள் உத்தரவு வந்தது. இனிமேல் அளவுகளை இயந்திரத்தில் தட்டினால் போதும். எதிர்மலை நிலையம் மூடப்பட்டது.

ஒரு வாரம் வாய்க்கு வேலையே இல்லை. சுவரோடு பேச ஆரம்பித்தபோது அவளுக்கே பயம் வந்தது. மாற்று ஆளை வரவழைத்து, ஆறு நாள் விடுப்புப் போட்டுக் கிளம்பினாள். கையை நீட்டினால் தொட்டுவிடலாம் போலிருந்த மலைக்கு, தொடரைச் சுற்றிக்கொண்டு போக இரண்டு நாளும் நான்கு பஸ்ஸும் ஆயின.

அவர் மகள் வீட்டில் இருப்பதாக விசாரித்துத் தெரிந்துகொண்டு போய், வாசலுக்கு வந்த மகளிடம் தான் யார் என்று சொன்னாள். குரலை வைத்து அவரை ஆஜானுபாகுவாக நினைத்திருந்தாள். ஒல்லியாக, குள்ளமாக இருந்தார்.

“அண்ணே!”

அவர் மகளைப் பார்த்தார். மகள் அவர் காதில் கத்தினாள்: “கணவாய் ஸ்டேஷன் அக்காப்பா!” பிறகு இவள் பக்கம் திரும்பி, “காது போய் மூணு வருஷமாச்சுக்கா. வேலை போயிடுமேன்னு மறைச்சுட்டாரு. நம்பரை மட்டும் எப்படியோ பிடிச்சுடுவாரு” என்றாள்.

அவர் இவள் கையைப் பிடித்துக்கொண்டார். “நீ நெறையப் பேசுவியேம்மா. ஒண்ணும் விளங்காது. ஆனா நீ முடிக்கிற வரைக்கும் ஒரு நாளும் வயர்லெஸ்ஸை அணைச்சதில்ல. அப்படி என்னதான் சொன்னே?”

மகள் காகிதமும் பென்சிலும் கொடுத்துவிட்டு அடுப்படிக்குள் போனாள். இவள் ‘வீட்டுக்காரர் என்னை விட்டுட்டுப் போயிட்டார்’ என்று எழுதினாள்.

படித்தவர் கண்ணாடியைக் கழற்றினார். “நான் என்ன பதில் சொன்னேன்?”

‘எல்லாம் சரியாயிடும்னு.’

“ஆயிடுச்சாம்மா?”

இல்லை என்று தலையாட்டினாள். பஸ் வரும்வரை அவர் இவள் கையை விடவில்லை.

அதன் பிறகு கோணல்மாணலான எழுத்தில் வாரம் ஒரு கடிதம் வந்தது. பதினோராவது கடிதத்தோடு பனி கணவாயை மூடியது. இனி தபால்காரர் ஏறி வர ஐந்து மாதமாகும்.