ஊசிக்குப் பிடிக்க ஓர் ஆள்

கீழக்கொம்பையில் ஊசி போட்டால், போட்டுக்கொண்டவருக்கு வலிக்காது. அவரைப் பிடித்துக்கொண்டிருப்பவருக்குத்தான் வலிக்கும். பிடிக்க ஆள் இல்லாத உடம்பில் ஊசி இறங்காமல் வளைந்துவிடும். அதனால் பிள்ளையைத் தாய் பிடிப்பாள், மாட்டை வளர்த்தவர் பிடிப்பார். மாமியாரை மருமகள் பிடிக்கும் நாளில் வேடிக்கை பார்க்கக் கூட்டம் சேரும்.

மனிதருக்கும் மாட்டுக்கும் ஊசி போடுகிறவள் செண்பகவல்லி. இரண்டுக்கும் தனித்தனிப் பெட்டி. ஒரு முறை குத்திய ஊசியை மறுமுறை தொடமாட்டாள். மாடென்றால் கழுத்தில் மூன்று தட்டுத் தட்டி, மூன்றாவது தட்டோடு இறக்கிவிடுவாள். கைராசிக்காரி என்று ஊரே மெச்சும். மெச்சிவிட்டு, அவள் தெருவில் வந்தால் கதவைச் சாத்திக்கொள்ளும். அவளுக்கு அது பழகிவிட்டது என்று நினைத்தார்கள். பழகவில்லை.

ஒரு செவ்வாய்க்கிழமை வெறிநாய் அவள் கெண்டைக்காலைக் கவ்வியது. காயத்தைச் சோப்புப் போட்டு வெகுநேரம் கழுவினாள். மருந்து ஐஸ் பெட்டியில் இருந்தது. தாமதித்தால் உயிருக்கு உத்தரவாதமில்லை. பிடிக்கத்தான் ஆள் வேண்டும்.

பக்கத்து வீட்டு மரகதம் காபி கொடுத்து, காலையில்தான் பேரனைப் பிடித்ததாகச் சொல்லிக் கையைத் தேய்த்துக்கொண்டாள். பால்காரர் வைரமுத்து ஒரே நாளில் நாலு பசுவைப் பிடித்திருந்தார். எல்லோரும் உட்காரச் சொன்னார்கள். யாரும் கெட்டவர்கள் இல்லை. அதுதான் அவளுக்குத் தாங்கவில்லை.

வீட்டுக்கு வந்து தன்னைத் தானே பிடித்துப் பார்த்தாள். ஊசி வளைந்தது. அதைத் தகர டப்பாவில் போட்டுவிட்டுப் புதிதாக ஒன்றைப் பிரித்துக்கொண்டு சும்மா உட்கார்ந்திருந்தாள்.

அப்போது கேட்பாரற்றுத் திரியும் கிழட்டு எருமை உள்ளே வந்தது. போன மழைக்காலத்தில் அதற்குத் தடுப்பூசி போடப் பிடிக்க யாரும் வரவில்லை. அவளே ஒரு கையால் கொம்பைப் பிடித்துக்கொண்டு மறு கையால் போட்டாள். மாட்டு ஊசியின் வலி ஒரு வாரம் இருந்தது. யாரிடமும் சொல்லவில்லை.

எருமை அவளுக்குப் பின்னால் நின்று, தாடையை இடது தோளில் அழுத்தி வைத்தது. பழக்கதோஷத்தில் தன் கையையே மூன்று தட்டுத் தட்டி ஊசியை இறக்கினாள். எருமை கண்ணை இறுக மூடிக்கொண்டது. அவளுக்கு வலிக்கவேயில்லை. ஆனாலும் அழுதாள்.

"அடுத்தது எப்போ?" என்று எருமை கேட்டது.

"வெள்ளிக்கிழமை."

"போயிட்டுப் போயிட்டு வர எனக்குக் கால் தாங்காது. ஊசியெல்லாம் முடியற வரைக்கும் இங்கயே இருந்துக்கறேன்."

செண்பகவல்லி எழுந்து பாயை உதறி விரித்தாள்.

"சுவரோரமா படுக்கிறியா, வாசப் பக்கமா?" என்று மட்டும் கேட்டாள்.